ஐந்தே முக்கால் வரை

அரசாங்கத்திடம் இருப்பது ஒரே வரி:
“ஐந்தே முக்கால் வரை தேடினோம். கிடைக்கவில்லை.”
எழுதியவர் லெப்டினன்ட் மச்சாது.
கப்பல் நாட்குறிப்பில் பெயரடைக்கு இடமில்லையென்று
பிறகொரு நாள் அவரே சொன்னார்.
கடல் கறுத்திருந்தது என்றுகூட எழுதக்கூடாதாம்.
காற்றின் திசை, வேகம், நீரின் ஆழம். போதும்.

என் வீட்டுக்காரர் பெயர் இசக்கிமுத்து.
இன்ஜின் அறையில் வேலை.
புழுக்கம் தாளாமல் மேல்தளத்துக்குப் போயிருக்கிறார்.
ஆடி மாதக் கடல்.
பிராங்ஸ் விளக்கு சுற்றுவது தெரிகிற தூரம்.
ஏறக்குறைய வீடு.

கொலாபாவில், கடற்படை கேன்டீனில்
எனக்கொரு நாற்காலி கொடுத்தார்கள்.
சோப்பு, சர்க்கரை, ரம், இங்கே கையெழுத்து.
ஏழு வருஷம் கழித்து
பற்பசை வாங்குகிறவர்போல் வரிசையில் வந்து
மேஜைமேல் ஒரு புத்தகத்தை வைத்தார் மச்சாது.
அட்டையில் வேறு பெயர்: தீர்க்கரேகை.
“சீருடைக்குத் தெரியாமல் எழுதுகிறேன்.”
நான் பழக்கத்தில் பில் போடப் போனேன்.

வி.டி.யில் ரயிலேறிப் பிரித்தேன்.
நூற்றுப் பன்னிரண்டாம் பக்கத்தில்
காசி என்று ஒருவன் கடலில் விழுகிறான்.
நூற்றுப் பதினெட்டில் ஒரு கோலிப் படகு
வலையோடு அவனைத் தூக்குகிறது.
நிமிர்ந்தால் சயான் போய் தாணே வந்திருந்தது.
அபராதம் கட்டினேன்.

அடுத்த நாவலில் அவன் பெயர் வேலாயுதம்.
மஸ்கட்டில் பரோட்டா போடுகிறான்.
அதற்கடுத்ததில் மினிக்காய்த் தீவு,
தென்னந்தோப்பு, இன்னொருத்தி, இரண்டு பிள்ளைகள்.
மறுநாள் சில்லறையை அவர் கையில் கொடுக்காமல்
மேஜையில் எறிந்தேன்.
தோளில் மூன்று பட்டை போட்ட கமாண்டர்
வீட்டுப்பாடம் எழுதாத பையன் மாதிரி நின்றார்.
“உயிரோடு இருக்கிறவன் ஏன் திரும்பி வரவில்லை?
கதைக்கு ஒரு காரணம் வேண்டியிருக்கிறதே, அம்மா.”

காரணம்.
மூன்று நாவலாக எனக்கு அதுதான் வலித்தது என்று
அப்போதுதான் தெரிந்தது.
செத்தவரை மன்னிக்கலாம்.
மினிக்காயில் இருப்பவரை என்ன செய்ய?

“அவர் டீயில் சர்க்கரை போடமாட்டார்,” என்றேன்.
“உங்கள் காசி மூணு ஸ்பூன் போடுகிறான்.”
சட்டைப் பையிலிருந்து பேனாவை எடுத்துக் குறித்துக்கொண்டார்.

அதற்குப் பிறகு கையெழுத்துப் பிரதியே வந்தது.
கேன்டீனின் சிவப்புப் பென்சிலால் திருத்தினேன்:
இப்படிச் சிரிக்கமாட்டார்.
இடது காதில் கொஞ்சம் மந்தம்.
பணத்தை இரண்டு முறை எண்ணுவார்.
என்னை ‘அன்பே’ என்று ஒருநாளும் கூப்பிட்டதில்லை;
‘ஏய், செண்பகம்’ என்று போடுங்கள்.

ஓய்வு பெறும் வாரம்
சாமானே வாங்காமல் வந்தார்.
“ஐந்து ஐம்பதுக்கு ஒரு சத்தம் கேட்டது.
கடற்காக்கையாக இருக்கலாம்.
கப்பல் அதற்குள் திசை திரும்பிவிட்டது.
நான் யாரிடமும் சொல்லவில்லை.”
பின்னால் நின்ற சர்தார்ஜி
நெய் வந்துவிட்டதா என்று கேட்டார்.
வந்துவிட்டது என்றேன்.
மச்சாதுவிடம் என்ன சொன்னேன்?
ஏதோ சொல்லியிருப்பேன். நினைவில்லை.

போன மார்ச்சில் செம்பூரிலிருந்து அவர் மகள் வந்தாள்,
அப்பாவின் கடைசிக் காகிதங்களோடு,
யாரிடம் கொடுப்பதென்று தெரியாமல்.
இந்த முறை படகு இல்லை, தீவு இல்லை.
பெயர் இசக்கிமுத்து என்றே இருந்தது.
இருபது பக்கம் ஒரு கப்பல்
இருட்டில் சுற்றிச் சுற்றி வருகிறது.
காற்றின் திசை. வேகம். ஆழம்.
கடைசித் தாளில் ஒரே வரி:
“ஐந்தே முக்கால் வரை தேடினேன்.”

தேடினோம் அல்லவா, ஐயா,
என்று பென்சில் தானாகவே கைக்கு வந்தது.
கடற்படையில் எவரும் ஒருமையில் தேடுவதில்லை.
வெகுநேரம் அந்த ‘ஏ’காரத்தையே பார்த்துக்கொண்டிருந்தேன்.
குக்கர் மூன்று விசில் அடித்திருந்தது.