இருபத்திரண்டரை

மூன்றாம் மாடி ஹைக்கோதான் படிவத்தைக் கொண்டுவந்தான்.
அவனுடைய இரண்டும் மாசியில் போய்விட்டன,
ஒரே கிழமையில், ஒன்றின் பின் ஒன்றாக.
"கூட்டு வழக்கு. வென்றாயிற்று" என்றான்,
"இனி நாங்கள் கேட்டால்தான் தருவார்கள்.
வெள்ளிக்கிழமை கடைசி நாள்."
பஸ் ஓட்டுகிறவன், நேரம் தப்பாமல் பேசுவான்.

இரவு வேலை முடிந்து
வூப்பர் ஆற்றுக்கு மேலே
தொங்கும் ரயிலில் ஆடியாடி வந்து
உடுப்பு மாற்றாமல் குசினிக் கதிரையில் இருந்தேன்.

முதலில் பெயர். ஓர் எழுத்துக்கு ஒரு பெட்டி.
யோகசௌந்தரி அருமைத்து
என்றவுடன் பெட்டிகள் முடிந்துவிட்டன.
துரை வெளியே நின்றார், மழைக்குள்.

அடுத்தது, சேதமடைந்த பொருள்.

மிருகங்கள் பொருட்கள் அல்ல என்று
இந்த நாட்டுச் சட்டத்தில் ஒரு வரி இருக்கிறதாம்.
ஹைக்கோ கைபேசியில் காட்டினான்.
பொருட்களுக்குள்ள விதிகளே
அவற்றுக்கும் பொருந்தும் என்று
அதன் கீழேயே இன்னொரு வரி.
டொச்சில் அதை மூன்று தரம் வாசித்தேன்.
பூனை என்று எழுதினேன்.
பெயர் கேட்கவில்லை. ஆனாலும்
ஓரத்தில், பென்சிலால், சின்னதாய்:
கறுவா.

கடைத்துண்டுகள் எல்லாம் வெளிறிப்போய்
வெள்ளைக் கடதாசி.
விளக்கடியில் சரித்துப் பிடித்தால்
ஈரல், கோழி,
இருபது வீதக் கழிவு என்று நிழல் தெரிகிறது.
கழிவுக்காகத்தான் பெட்டியோடு வாங்கினேன்.
பெட்டிக்கு இருபத்துநாலு ரின்.
மிருக வைத்தியரின் பில் மட்டும் மங்கவில்லை:
மூன்று பக்கம், சிறுநீரகம், சேலைன்,
'காருவா, ஆண்'.
பெண்பிள்ளை என்று சொன்னேனே அப்போதே.

ஒன்பதாவது கேள்வி.
மிருகம் எப்போது முதன்முதலாக
உணவை மறுத்தது?

பங்குனி பதினொன்று, செவ்வாய்.
தேதி ஏன் தெரியும் என்றால்
அன்றைக்கு அவளை ஏசினேன்.
கோப்பையை மணந்து பார்த்துவிட்டு
முன்னங்காலால் தரையை வறண்டினாள்,
இல்லாத மண்ணை அள்ளி
இறைச்சியை மூடப் பார்த்தாள்.
நொட்டை பிடிக்கிறாய் என்றேன்.
என்ன விலை தெரியுமா என்றேன்.
பிறகு மனம் கேளாமல்
சுடுதண்ணி விட்டுக் குழைத்து
விரலில் எடுத்து வாயில் வைத்தேன்.
என் முகத்தைப் பார்த்தாள்.
பார்த்துவிட்டு நக்கினாள்.

அதை எழுத
அந்தப் பெட்டியில் இடமில்லை.
நாள், மாதம், வருடம்,
அவ்வளவுக்குத்தான் கோடு போட்டிருக்கிறார்கள்.

ஒரு ரின் இன்னும் நிலவறையில் கிடக்கிறது.
சைக்கிள் பம்புக்குப் பக்கத்தில், திறக்காமல்.
மூடியில் தொகுதி இலக்கம் இருப்பதால்
எறிய வேண்டாமென்று ஹைக்கோ சொன்னான்.
சுற்றியுள்ள படத்தில் ஒரு சாம்பல் பூனை
நாக்கைச் சுழற்றிக்கொண்டு நிற்கிறது.
அதற்கு ஒன்றும் தெரியாது.

பதினான்காவது, கடைசிக் கேள்வி:
உட்கொண்ட ரின்கள் எத்தனை?
ரின்னுக்கு ஒரு யூரோ எழுபது சதம்.
வைத்தியச் செலவில் மூன்றில் ஒரு பங்கு.
மற்றது ஒன்றுக்கும் விலை இல்லை.

விரல் விட்டு எண்ணினேன்.
இருபத்துநாலில் நிலவறையில் ஒன்று.
கடைசியாகத் திறந்ததில் பாதி
அப்படியே காய்ந்து கறுத்து
கோப்பையோடு குப்பைக்குப் போனது.
இருபத்திரண்டரை.

கீழே பொடி எழுத்தில்:
முழு எண்கள் மட்டுமே ஏற்கப்படும்.

ஹைக்கோவுக்கு அடித்தேன்.
கூட்டித்தான் போட வேண்டும் என்றான்,
எல்லாரும் அப்படித்தான்,
எண்பத்தைந்து சதத்தை
அந்தக் கம்பனிக்கு ஏன் விடுகிறாய்?
பின்னால் பஸ் கதவு மூடும் சத்தம்.

பேனையைப் பிடித்தபடி கனநேரம் இருந்தேன்.
யன்னலுக்கு வெளியே முதல் ரயில்
காலில்லாமல் போனது.

அந்த அரை
அவள் வேண்டாம் என்று சொன்னது.
மண் போட்டு மூடியது.

இருபத்திரண்டு என்று எழுதி
கையெழுத்து வைத்தேன்.
அதற்குப் பெட்டி இல்லை,
முழுப் பெயரும் கொண்டது.