நாற்பத்தேழாம் இலக்க வெளிச்சம்

சுவடிக்கூடத்தில் பேனைக்கு அனுமதியில்லை.
பென்சிலும் கையுமாய் இது நான்காவது கிழமை.
மின்விசிறிக் காற்றில் தாள் எழும்ப எழும்பக்
கட்டைவிரலால் அழுத்திப் பிடிக்கிறேன்
ஆயிரத்துத் தொள்ளாயிரத்து நாற்பத்திரண்டை.

வான்தாக்குதல் காவலர் இன்னாசி ரொட்ரிகோவின் குறிப்பேடு.
கொட்டாஞ்சேனை, ஜம்பட்டா வீதிக்குப் பின்னால் ஓர் ஒழுங்கை.
குண்டு விழுந்த உயிர்த்த ஞாயிறுக்கு மறுநாளே
கிடைத்த ரயிலில் சனம் ஏறிவிட்டது.
முப்பத்தொரு வீட்டில் இருபத்திரண்டுக்குப் பூட்டு.
மீதி ஒன்பதையும் இரவிரவாய்ச் சுற்றியிருக்கிறார்,
கையில் ஒரு டோர்ச், அதன் கண்ணாடிக்கு நீலத்தாள்.

“இலக்கம் 47. வெளிச்சம் தெரிந்தது. எச்சரித்தேன்.”
ஏப்ரல் ஒன்பது. பதினொன்று. பதின்மூன்று, பதினான்கு.
மே முழுக்க, மழையிரவு தவிர.
கையெழுத்து ஒருநாளும் அவசரப்படவில்லை.

நான் என்னென்னவோ கட்டினேன்.
உளவு என்று ஆறு வரி எழுதி அழித்தேன்.
கைக்குழந்தை என்றேன்.
இருட்டடிப்புச் சட்டத்துக்கு ஒரு பெண்ணின் எதிர்ப்பு என்று
மாநாட்டுக்குச் சுருக்கமே அனுப்பிவிட்டேன்.
ஏற்றுக்கொண்டார்கள்.

எமில்டா இப்போது வத்தளையில், மகனோடு.
47இல் பிறந்தவர்; அந்த வருஷம் ஒன்பது வயது.
சைரனைக் கேட்டேன், பஜிரியைச் சொன்னார்:
கூப்பனுக்கு அரிசியைக் குறைத்துப் பஜிரி தந்தார்களாம்,
எப்படி அவித்தாலும் தொண்டையில் மணலாய் நிற்குமாம்.
விமானத்தைக் கேட்டேன்,
பேன் பார்க்க வெளிச்சமில்லாமல்
தலையை மொட்டையடித்த கதை வந்தது.
அப்போதே எனக்கு உறைத்திருக்க வேண்டும்.

“என்ன வெளிச்சம்?” என்றார்.
“மண்ணெண்ணெய் ஒரு சொட்டு இல்லை மிஸ்.
ஆறரைக்கெல்லாம் படுத்திடுவம்.
அப்பா கப்பலோட போனவர், கடுதாசியுமில்லை.”
பிறகு, மடித்த துவாயை மறுபடி மடித்தபடி:
“இன்னாசி அங்கிள் வருவார்.
மூண்டு தரம் தட்டுவார்.
அரை றாத்தல் பாண் கொண்டு வருவார்.
அம்மா எழும்பிப் போவா.
நான் நித்திரை மாதிரிக் கிடப்பன்.”

பாண் சூடாக இருக்குமா, என்றேன்,
வேறு கேட்கத் தெரியாமல்.
ஒலிப்பதிவைக் காட்டி “அதை நிப்பாட்டுங்கோ” என்றார்.
நிறுத்தினேன்.
அதன்பின் அவர் சொன்னது இங்கே இல்லை.

பேலியகொடையில் பஸ் நெரிசலில் நின்றது.
இந்த நகரத்தின் இன்னொரு யுத்தத்தில்
வெள்ளவத்தை மாடியறைக்கு எங்களிடம் இருந்த
பொலிஸ் பதிவுத் தாள் நினைவுக்கு வந்தது.
பெயர்கள் ஐந்து. முத்திரை, திகதி எல்லாம் ஒழுங்கு.
ஏழு பேர் படுத்தோம் அந்த அறையில்.
எங்களை எண்ணிவிட்டு ஐந்து என்று எழுதியவர்
என்ன வாங்கினார், ஒன்றுமே வாங்கவில்லையா,
அம்மாவிடம் நான் கேட்டதில்லை.
அம்மா போய் ஆறு வருஷம்.

கட்டுரையை மீளப் பெறுவதாய்க் கடிதம் எழுதினேன்.
இன்னும் அனுப்பவில்லை.
அடிக்குறிப்பு ஒன்றை மட்டும் திருத்தினேன்:
“47ஆம் இலக்கத்தில் வெளிச்சம் இருந்ததற்குக்
காவலரின் குறிப்பேட்டைத் தவிர வேறு சான்றில்லை.”
அதுவும் பென்சிலால்தான்.