ரெண்டேமுக்கால்

பொங்கோல், பதினோராம் மாடி.
மழை விட்ட சாயங்காலப் புழுக்கம்.
முதல் துணிப்பட்டை வெறுமனே உரிந்து வந்தது,
மெழுகு மட்டும் காலிலேயே தங்கிவிட்டது.

"பவுடர் போட்டியா?"
கதவருகே லோகேஸ்,
இரவு வேலைக்குச் சீருடையோடு.
போடவில்லை.
வியர்வை மேல் எதுவும் ஒட்டாதென்று
தெரியாதா எனக்கு,
இந்த ஊரில் பிறந்தவள்தானே.

பையை இறக்கிவைத்து உட்கார்ந்தாள்.
மெழுகைத் தன் மணிக்கட்டில் தொட்டு
சூடு பார்த்தாள்.
முடி சாய்ந்த பக்கமே
மெல்லிசாகத் தடவினாள்,
ரொட்டிக்குக் காயா தடவும் கஞ்சத்தனத்தோடு.
தோலை ஒரு கையால் இறுக்கிப் பிடித்து
"மூணு எண்ணுவேன்" என்றாள்.

ஒண்ணு.

ரெண்டிலேயே இழுத்துவிட்டாள்!
மேல்நோக்கி அல்ல,
தோலை உரசிக்கொண்டே, எதிர்ப்பக்கமாய்.
நான் போட்ட கூச்சலில்
எதிர்வீட்டுத் திருமதி கோ
கேட்டைத் திறந்து எட்டிப் பார்த்தார்.

வலதுகால் வழவழவென்று ஆனதும்
மணி பார்த்தாள்,
பஸ்ஸுக்கு ஓடினாள்.

இடதுகாலில் மெழுகு ஆறுகிறது.
துணியின் நுனி என் விரலில்.
ஒண்ணு.
ரெண்டு.
ரெண்டேகால், ரெண்டரை,
ரெண்டேமுக்கால்...

நானே எண்ணினால்
மூணு வரவே மாட்டேன் என்கிறது.