குறுக்கு நூல்

தம்பிலுவில். களப்போரத்து வளவு.
மாரி விட்டுப்போன ஈரம்
இன்னும் என் சப்பாத்துக்குள் இருந்தது.

பூரணவதி தன் காணியை
இரண்டு பெட்டைகளுக்கும் எழுதப் போகிறா.
முப்பத்தெட்டுப் பேர்ச்.
நடுவால் ஒரு கோடு.
அந்தக் கோடுதான் என் வேலை.

கருவியை மட்டம் பிடித்துக் கண்ணை வைத்தேன்.
அங்கால் கதியாலோரம்
கோலை நிமிர்த்திப் பிடித்தபடி உதுமாலெவ்வை நிற்க வேண்டும்.
அவரைக் காணவில்லை.
மஞ்சளாய் ஏதோ நடுங்கிற்று.
குவியத்தை இழுத்தேன், இன்னும் கொஞ்சம்,
பொன்.
பொன்னின் நடுவே தலைகீழாய் ஒருத்தி.

தில்லை மரத்திலிருந்து பூவரசுக்கு
ஓர் ஆள் நீட்டுக் கயிறு,
அதன்கீழ் வெயிலில் மட்டும் தெரிகிற வீடு.
உடம்பு என் பெருவிரல் நீளம்,
கால்களை விரித்தால் உள்ளங்கை கொள்ளாது,
முட்டிக்கு முட்டி மஞ்சள் பூசியிருந்தாள்.

நடு, நடுவில் இல்லை. அதைத்தான் முதலில் கவனித்தேன்.
மேலே ஏறி இருந்தது.
இரை விழுந்தால் ஏறுவதைவிட
இறங்குவது கெதி.
எந்தக் கல்லூரியில் படித்தாளோ.

பழைய கருவிகளில்
கண்ணாடிக்குள்ளே குறுக்கும் நெடுக்குமாக
சிலந்தி நூலைத்தான் ஒட்டுவார்களாம்.
மயிர் தடிப்பு, பட்டும் தடிப்பு,
இதுதான் இழுத்தால் நேராய் நிற்கும்.
என் கருவியில் கண்ணாடியில் கீறிய கோடு.
அந்தக் கோடும் அவள் நூலும்
ஒரு கணம் ஒன்றின்மேல் ஒன்று விழுந்து
எது அரசாங்கத்தினுடையது என்று தெரியாமல் போயிற்று.

"அறுத்துப் போடுங்க மிஸ்,
நாளைக்கு மறுகாவும் கட்டிரும்."
பூரணவதி சொன்னதில் பிழையில்லை.
பழுதான பாதியைத் தின்றுவிட்டு
மற்றப் பாதியில் குடியிருந்துகொண்டே
இழைத்துவிடுவாள்.

கிட்டப் போய்ப் பார்த்தேன்.
வலையில் தும்பியின் இறகு ஒன்று, ஒரு வண்டின் கோது.
ஓரத்தில் வெள்ளித்துளிபோல் குட்டிச் சிலந்திகள்,
அவள் சாப்பாட்டில் களவெடுத்துப் பிழைக்கிற கூட்டம்.
மேல் மூலையில் மூன்று செம்பொட்டு.
அவைதான் ஆண்கள்.
நூறு பேரை ஏற்றினாலும்
தராசில் அவள் பக்கம் எழும்பாது.
அவள் தின்னத் தொடங்கும்வரை
அசையாமல் காத்திருக்கிறார்கள்.

நல்லரெத்தினம் என் தோளுக்கு மேலால் எட்டிப் பார்த்தார்.
"நானும் கல்லாத்திலயிருந்து
ஒரு றங்குப் பெட்டியோட வந்தவன்தான்."
பெண்சாதி திரும்பிப் பார்த்தா.
"இப்ப ரெண்டு மருமகன்மாரும் வரப்போறானுகள்"
என்று அவசரமாய்ச் சேர்த்துக்கொண்டார்.
உறுதியில் அவர் பெயர்
சாட்சிகளுக்குக் கீழே வரும்.

நான் அறுக்கவில்லை.
ஒரு மீற்றர் தள்ளி இணைகோடு பிடித்தேன்,
அரை மணித்தியாலம் கூடச் செலவு,
உதுமாலெவ்வை முறைத்தார்.

மறுகா கல் நட்டோம்.
நாலாவது கல், தில்லைக்குப் பக்கத்தில்.
அலவாங்கால் சருகை விலக்கியவர்
அப்படியே குந்திவிட்டார்.
மண்ணுக்குள் ஒரு சின்னக் குழி.
குழிக்குள் மஞ்சள் நூல் பொதி,
நெல்லிக்காய்ப் பருமன்.
இவளுடையதோ, வேறொருத்தியுடையதோ.
பொன்வீட்டை விட்டு இறங்கி,
தரையில் ஓடத் தெரியாத கால்களால் தோண்டி,
இட்டு, மூடி, சருகை இழுத்துப் போட்டு
ஏறிப் போயிருக்கிறாள்.
உறுதி இல்லை, சாட்சி இல்லை.

"என்ன மிஸ் செய்வம்?"
அலவாங்கு அந்தரத்தில் நின்றது.
பூரணவதி வீட்டுக்குள் தேத்தண்ணி ஊத்திக்கொண்டிருந்தா.

ஒரு சாண் தள்ளித் தோண்டச் சொன்னேன்.
அவர் இலைகளைப் பழையபடி போட்டார்,
ஈரமானது கீழே, காய்ந்தது மேலே.

ஒரு சாண், மூத்தவள் பக்கம்.
மற்ற முனையில் அதே ஒரு சாண்
இளையவள் பக்கம் நகர்த்தினேன்.
கோடு கொஞ்சம் கிறுகியது.
பரப்பு இரண்டும் சமன், மூன்று தரம் கூட்டிப் பார்த்தேன்.

வெளிக்களப் புத்தகத்தில் எழுதினேன்:
கல் நாலு. இடம் மாற்றம். காரணம்: வேர்.

தேத்தண்ணி குடிக்கும்போது
சட்டைக் கையில் ஒரு நூல் ஒட்டியிருந்தது.
இழுத்தேன். நீண்டது.
இன்னும் இழுத்தேன்.