உப்பு வைத்த ஒன்று

தபசுகாலத்து மூன்றாம் வெள்ளி.
சிலுவைப்பாதை முடிந்து வந்த முழங்காலில்
இரணைப்பாலை மணல் ஒட்டியிருக்க
இவர் சேட்டைக் கழற்றிக் கொடியில் போட்டுவிட்டு
மாவை எடு என்றார்.

என்ன மா?
கோதுமை மா. வறுக்காதது, அவிக்காதது.
முட்டை வேண்டாம், பால் வேண்டாம், பட்டர் வேண்டாம்.
அங்கே நோன்பென்றால் இதெல்லாம் தள்ளியாம்.
மாவுக்குச் சுடுதண்ணீர், கொஞ்சம் எண்ணெய்,
அவ்வளவுதான்.

வறெனிக்கி, என்றார்.
அப்பா, இன்னொருக்கா சொல்லுங்கோ, என்று
யுவானா விழுந்து விழுந்து சிரித்தாள்.

ஜேர்மனி என்று ஏற்றிய ஏஜென்சிக்காரன்
உக்ரைனில் இறக்கிவிட்டுப் போனை நிறுத்தினான்.
பிறகு பூட்டிய முகாமில் பதினொரு மாதம்.
அதைப்பற்றி இவர் சொன்னது மிகக் குறைவு.
குசினியில் வேலை கிடைத்தது,
சூடாக இருந்தது, என்பார்.
எங்கள் காணி உறுதி
முள்ளியவளையில் ஒருவரின் இரும்புப் பெட்டிக்குள் இருக்கிறது.
அதைப்பற்றி நானும் குறைவாகத்தான் சொல்வேன்.

உருளைக்கிழங்கு விற்கிற விலையில் அரைக்கிலோ.
மிச்சத்துக்கு மரவள்ளி.
வெங்காயத்தைப் பொன்னிறமாக வதக்கி
மசித்ததில் கொட்டிப் பிசைந்தோம்.
தேங்காய் எண்ணெய் மணத்துக்கு முகம் சுளித்தார்.
சூரியகாந்தி வேண்டுமாம் துரைக்கு.

பால்பேணியின் வாயால் வட்டம் வெட்டினான் டிலக்சன்.
பதினெட்டு வயது. சத்தமில்லாத பிள்ளை.
பங்குனி வெயிலில் வட்டங்கள் காய்ந்து வெடிக்க
ஈரச் சாரத்தால் மூடினேன்.
நான் கொழுக்கட்டைக்குப் போல் பல்லுப் பல்லாக மடித்தேன்.
இவர் கயிறு திரிப்பதுபோல் ஓரத்தை முறுக்கினார்,
பார்க்காமலே,
ஒரு நாளைக்கு அறுநூறு முறுக்கிய விரல்களால்.

அவிப்பம், என்றேன். இல்லை, கொதிதண்ணீரில் போடு.
கரைந்து கூழாகுமே?
போடு. முதலில் அடியில் கிடக்கும். பார்த்துக்கொண்டிரு.
மேலே வந்தால் வெந்தது.

ஒன்றுக்குள் மட்டும் கிழங்கு வைக்கவில்லை.
ஒரு கரண்டி உப்பு.
முகாம் சமையற்காரன் பெத்ரோவின் பகிடியாம் அது:
உப்பு வாய்த்தவன் முதலில் வெளியே போவான்.
ஐம்பது பேரும் மெல்ல மெல்லக் கடிப்பார்களாம்.

உங்களுக்கு வந்ததா? என்று கேட்டாள் யுவானா.
வந்தது. அடுத்த கிழமையே வெளியே விட்டார்கள்.
எங்கே?
கட்டுநாயக்காவில்.
இவர் சிரித்தார். நாங்களும் சிரித்தோம்,
அடுப்புப் புகை கண்ணில் பட்டதுபோல்
துடைத்துக்கொண்டு.

நாற்பத்தொன்று தேறியது.
இரண்டு வெடித்துத் தண்ணீரோடு போனது.
அலுமினியத் தட்டில் கொட்டி
மேலே வதக்கிய வெங்காயம் தூவி
நிலத்தில் வட்டமாக இருந்து சாப்பிட்டோம்.
சம்பல் இருந்தால் நல்லாயிருக்கும் என்றேன்.
சரி, அரை, என்றார். தோற்றுப்போன முகத்தோடு
அவர்தான் அதிகம் தொட்டுத் தின்றார்.

தட்டு வெறுமையானது.
உப்பு ஆருக்கு வந்தது?
எனக்கில்லை, என்றாள் யுவானா.
எனக்கும் இல்லை.
இவர் உள்ளங்கைகளை விரித்துக் காட்டினார்.
டிலக்சன் தலையை மட்டும் ஆட்டினான்.

அப்ப வெடித்ததில் ஒன்றாக இருக்கும், என்றார் இவர்.
இருக்கும், என்றேன்.

பிள்ளை எழுந்து போய்
குடத்தைச் சரித்து
ஒரு செம்பு குடித்தான்.
இன்னொரு செம்பு குடித்தான்.
மூன்றாவதைக் குடிக்கும்போது
தொண்டை மேலும் கீழும் போவதை
நான் பின்னாலிருந்து பார்த்தேன்.

குடத்தை எடுத்துக்கொண்டு
கிணற்றடிக்குப் போனேன்.