அவராகவே

படம் முடிந்து எழுத்துகள் மேலேறும்போது
கஸ்பார் லெகூத் — அவராகவே
என்று போடுவார்கள்.
மூன்று படங்களிலும் போட்டார்கள்.
மூன்றுக்கும் மைக் பிடித்தவள் நான்.

முதல் படம் எழுபத்தெட்டில், தியெப் துறைமுகத்தில்.
பழைய ஐஸ் கிடங்குதான் ஓவியக்கூடம்.
கதவைத் திறந்து உள்ளே வாருங்கள்
என்றார் இயக்குநர் வொக்லேர்.
வந்தார்.
இன்னும் இயல்பாக.
ஐந்தாம் முறை வரும்போது
சொந்தக் கதவின் கைப்பிடி எந்தப் பக்கம் என்று
தடவிக்கொண்டு நின்றார்.
கைக்கு ஏதாவது வேலை வேண்டுமே என்று
கேமராக்காரர் தன் சுங்கானைக் கொடுத்தார்.
அதுவரை புகைத்ததே இல்லை.
இருமலை வெட்டிவிட்டார்கள்.

இந்த நீலம் எங்கிருந்து வந்தது?
கடையிலிருந்து. டியூப் பதினோரு ஃபிராங்க்.
இல்லை, உண்மையில் எங்கிருந்து?
ஜன்னலுக்கு வெளியே பார்த்தார். கடல் இருந்தது.
என் அப்பா மூழ்கிய இடத்திலிருந்து, என்றார்.

ஒளிபரப்பான இரவே ருவானிலிருந்து தொலைபேசி.
வரி அலுவலகத்தில் எழுத்தராய் இருந்து ஓய்வுபெற்ற
ஃபிர்மேன் லெகூத்:
நான் எப்போதடா மூழ்கினேன்,
எனக்கு நீச்சல் தெரியுமே?
மறுநாள் இதைச் சொல்லிச் சொல்லிச் சிரித்தார் கஸ்பார்,
சொந்தமாய் வாங்கிய சுங்கானோடு.

இரண்டாம் படத்தில் கேள்விக்கே வேலையில்லை.
படகுக்குப் பெயர் வந்திருந்தது.
அலைக்கு உயரம் வந்திருந்தது.
கரையில் அம்மா, கையில் விளக்கு,
விளக்கில் எண்ணெய் எவ்வளவு என்பதுகூட.
ஹெட்போனில் என் காதுக்குள் அவர் குரல்
ஓரிடத்திலும் இடறவில்லை.

மூன்றாம் படத்துக்கு வந்தவள் ஸெலீ ப்ருனெல்,
இருபத்தாறு வயது,
முன்னிரண்டையும் மனப்பாடமாய் அறிந்தவள்.
அப்பாவைப் பற்றிச் சொல்லுங்கள், என்றாள்.

ஒன்பது நாள் முன்புதான் ருவானில்
கட்டிலில் சாய்ந்து, கையில் சூப் கிண்ணத்தோடு,
தொண்ணூற்றொரு வயதில் ஃபிர்மேன் போயிருந்தார்.
எனக்குத் தெரியும். அவளுக்குத் தெரியாது.

கஸ்பார் வாயைத் திறந்தார்.
சுங்கானை மேசைமேல் வைத்தார்.

நாற்பத்து மூன்று நொடி.
அடுப்பில் ஒரு கரித்துண்டு உடைந்தது.
வெளியே கட்டிக்கிடந்த படகொன்றின் கயிறு
கம்பத்தில் அடித்தது, நின்றது, அடித்தது.
மூக்கால் மூச்சு விட்டார்.
எதிலும் உப்புப் போதவில்லை என்பார் அவர்,
என்றார்.

படத்தின் ஓட்டத்துக்கு ஒட்டவில்லையாம்.
அந்த இடத்தில் இப்போது
எழுபத்தெட்டின் ஜன்னல், எழுபத்தெட்டின் கடல்,
கறுப்புத் தாடியோடு ஒருவர் மூழ்கிய அப்பாவைச் சொல்கிறார்.
திரையரங்கில் பின்வரிசையில் யாரோ அழுதார்கள்.
எழுத்துகள் மேலேறின.

அந்த நாடாவைத் திருப்பிக் கொடுக்கவில்லை நான்.
திருட்டு என்றால் திருட்டுதான்.
யாரும் பேசாதபோது அறையை மட்டும் பதிவு செய்தால்
உறைமேல் எழுதுவோமே,
அதையே எழுதி அலமாரியில் வைத்திருக்கிறேன்:
அறை ஓசை. பயன்படுத்தவில்லை.