போறேன்

ஏழாம் அத்தியாயத்தில் ஃபுமியே
மகனின் சாப்பாட்டு டப்பாவில்
வெறும் வெள்ளைச் சோறு வைத்து மூடுகிறாள்.
நேற்றுவரை கேரட்டைப் பூவாகச் செதுக்கியவள்.
அவன் தின்றான். ஒன்றும் கேட்கவில்லை.
டப்பாவைக் கழுவிக் கொண்டுவந்து வைத்தான்.
இருநூறு பக்கத்தில்
அந்தக் கழுவிய டப்பாவுக்குத்தான் எனக்கு அழுகை வந்தது.

பகலில் ஓசூர் சிப்காட்டில்
பிரேக் லைனிங் பற்றி இரண்டு மொழியில் பேசுகிறேன்.
ராத்திரி, பாத்திரம் கவிழ்த்த பிறகு,
கிருஷ்ணகிரியில், ராயக்கோட்டை ரோட்டில்,
மாங்கூழ் ஃபேக்டரியின் புளித்த வாசம் ஜன்னலில் நிற்க,
ஒரு பக்கத்துக்கு இவ்வளவு என்று
இவளைத் தமிழாக்குகிறேன்.

அந்த ஊர் எழுத்தில்
பெண்ணுக்குப் பக்கத்தில் வீட்டை ஒட்டினால் மருமகள்.
பழசை ஒட்டினால் மாமியார்.
கூரைக்கடியில் பெண்ணை உட்காரவைத்தால் நிம்மதி;
அதே எழுத்து விலைச்சீட்டில் வந்தால் மலிவு.
பரீட்சைக்குப் படித்தபோது சிரித்தேன்.
அப்போது கல்யாணம் ஆகவில்லை.

அத்தை கதை கேட்பார், பூண்டு உரித்துக்கொண்டே.
"அவ மாமியா இன்னிக்கி என்ன சொல்றா?"
ஒன்றும் சொல்லமாட்டாள், அத்தை.
மாதாமாதம் காலண்டரில் ஒரு தேதியைப் பார்ப்பாள்,
டீ ஊற்றிக் குடிப்பாள்.
"வாயே தொறக்காதவளா!" என்று வியந்தார்.
பிறகு பூண்டுத்தோலை ஊதிவிட்டு,
"ஒத்தப் புள்ள. ரெண்டு இருந்திருந்தா
அவளுக்கு இந்த யோசனையெல்லாம் வந்திருக்காது."
முனிராஜ் போனிலிருந்து நிமிரவில்லை.
நிறைமதி என் மடியில் தூங்கிக்கொண்டிருந்தாள்,
ஒத்தையாக,
இரண்டு பேருக்கான இடத்தில் கால் நீட்டி.

கடைசி அத்தியாயம் வார்த்தை தேட வைக்கவில்லை.
அங்கேயும் வாசல் தாண்டும்போது
"போய்ட்டு வரேன்" என்றுதான் சொல்கிறார்கள்,
அச்சு அசல்,
போவதும் வருவதும் ஒரே மூச்சில்.
ஃபுமியே விடிகாலையில்
யாரும் எழாத வீட்டைப் பார்த்துச் சொல்கிறாள்:
"போறேன்."

எழுதியவர் அடிக்குறிப்பு போடவில்லை.
நானும் போடவில்லை.
போறேன்னு சொல்லாதேடி என்று
திட்டு வாங்காமல் வளர்ந்தவள் எவள் இங்கே?

ஆறு பத்துக்குக் கம்பெனி பஸ்.
என் டப்பாவில் எலுமிச்சைச் சோறு.
நிறைமதிக்கு ஓரம் நறுக்கிய தோசை,
முறுகல் ஆகாதாம் அவளுக்கு.
அந்த ஓரங்களை நின்றபடியே தின்றுவிட்டுச்
செருப்பு மாட்டும்போது
உள்ளிருந்து அத்தை: "கெளம்பிட்டியா?"

"வரேன்" என்றேன்.
நம் மொழியில் அதுவே போதும்.
போவதை யாரும் சொல்வதில்லை.